ஜாஸ் இசையும் திரைப்படமும்: அறுந்துபோன அறிவிப்பாளர் வரிசை

ஒரு செய்தியைப் பிறர்க்கு எடுத்துரைக்குமுன், அதனை யாரிடமிருந்து பெற்றோம் என்பதைச் சொல்லவேண்டும் என்னும் கடப்பாடு இஸ்லாமியக் கல்வி மரபின் அடித்தளங்களுள் ஒன்றாகும். ஹதீஸ் கலை வல்லார் இதனை இஸ்னாத் என்பர். அறிவிப்பாளர் வரிசையில் ஒரு கண்ணி விடுபட்டாலும் செய்தியின் தகுதி குறைந்துவிடும். தாம் நேரடியாகக் கேட்டவரின் பெயரை மறைத்து, அவருக்கு மேலே உள்ள பெரியவரிடமிருந்தே கேட்டதுபோலத் தோன்றச் செய்வதைத் தத்லீஸ் எனக் கூறி, அறிஞர்கள் அதனைக் குறையாகக் கருதினர். பெயரைச் சொல்வது வெறும் மரியாதை மட்டுமன்று, அஃது ஓர் அமானிதம் என்பதே இதன் உட்கிடை.

இந்த அளவுகோலை மார்க்கக் கல்விக்கு வெளியேயுள்ள துறைகளின்மீது வைத்துப் பார்த்தால் என்ன கிடைக்கும் என்பதனை ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கம். அதற்கு நாம் எடுத்துக்கொள்வது ஜாஸ் என்னும் இசைவகைக்கும் திரைப்படத்துக்கும் இடையே நூறாண்டுக் காலமாக இருந்துவரும் உறவு. அரபுக் கல்லூரி ஆசிரியர்களுக்கு இத்துறையில் என்ன வேலை என்று வாசகர் சிலர் வினவக்கூடும். இவ்வுறவின் ஒரு முனை ஆப்பிரிக்காவிலிருந்து விலங்கிட்டுக் கொண்டுசெல்லப்பட்ட முஸ்லிம்களைத் தொடுகிறது. மறு முனை நம் தென்காசி வட்டாரத்துக் கடையநல்லூரையும் சுந்தரபாண்டியபுரத்தையும் தொடுகிறது. இடையில் நேர்ந்ததோ பெருந் தத்லீஸ்.

இசை ஆகுமா ஆகாதா என்னும் ஃபிக்ஹ் விவாதத்துக்குள் நாம் இங்கு நுழையவில்லை. இமாம் கஸ்ஸாலி (ரஹ்) தம் இஹ்யா நூலில் ஸமாஃ குறித்துத் தனிப்பகுதியே எழுதி, கேட்பவர், கேட்கப்படுவது, கேட்கும் சூழல் ஆகியவற்றைப் பிரித்து ஆராய்ந்துள்ளார்கள். முற்றிலும் விலக்கியோரும் உளர். இப்னு ஹஸ்மைப் போல விலக்குக்குரிய சான்றுகளை ஏற்காதோரும் உளர். அது தனிக் கட்டுரைக்குரியது. ஒரு கலையைக் கேட்பதா வேண்டாவா என்பது ஒரு வினா; அதனை உண்டாக்கியவர்க்கு நீதி கிடைத்ததா என்பது வேறொரு வினா. நாம் இரண்டாவதைப் பற்றியே பேசுகிறோம்.

விலங்கிடப்பட்டோரின் குரல்

அட்லாண்டிக் பெருங்கடலைக் கடந்து அடிமைகளாகக் கப்பலேற்றப்பட்ட ஆப்பிரிக்கர் ஏறத்தாழ 1 கோடியே 25 இலட்சம் பேர் என்று ஆய்வாளர் கணக்கிட்டுள்ளனர். அவர்களுள் வட அமெரிக்கப் பெருநிலத்துக்கு நேராகக் கொண்டுவரப்பட்டோர் ஏறத்தாழ 4 இலட்சம் பேர். செனகல், காம்பியா ஆற்றுப் பகுதிகளிலிருந்து பிடித்துவரப்பட்டவர்களில் கணிசமான பகுதியினர் முஸ்லிம்கள். அவர்களுள் குர்ஆன் ஓதத் தெரிந்தவர்களும் அரபி எழுதத் தெரிந்தவர்களும் இருந்தனர். ஃபூட்டா தோரோவில் பிறந்து, 1807இல் சார்ல்ஸ்டன் துறைமுகத்தில் இறக்கப்பட்ட உமர் இப்னு ஸயீத் என்பார் 1831இல் தம் வாழ்க்கை வரலாற்றை அரபியிலேயே எழுதிவைத்தார். அக்கையெழுத்துப் படி இன்று அமெரிக்க நாடாளுமன்ற நூலகத்தில் உள்ளது. அவர் தம் வரலாற்றைத் தொடங்குமுன் எழுதியது அல்முல்க் அத்தியாயம். ஆட்சியும் உடைமையும் இறைவன் ஒருவனுக்கே உரியன எனத் தொடங்கும் அத்தியாயத்தை, மற்றொரு மனிதனின் உடைமையாக இருந்த ஒருவர் தேர்ந்தெடுத்ததன் பொருளை விளக்கவேண்டுவதில்லை. அவருடைய வாழ்க்கை 2022இல் சார்ல்ஸ்டன் நகரிலேயே இசைநாடகமாக அரங்கேறி, 2023இல் இசைக்கான புலிட்சர் பரிசையும் பெற்றது.

1739இல் தென் கரோலினாவில் அடிமைகள் கிளர்ந்தெழுந்தபோது முரசொலியே அவர்களை ஒன்றுகூட்டியது. அதன் விளைவாக அடுத்த ஆண்டே முரசு முதலிய ஓசைக் கருவிகள் சட்டத்தால் தடை செய்யப்பட்டன. முரசு பறிக்கப்பட்ட மக்களிடம் எஞ்சியவை குரலும் நரம்புக் கருவிகளுமே. மேற்காப்பிரிக்கச் சாஹில் பகுதியில் முஸ்லிம் பண்பாட்டோடு கலந்து வளர்ந்த இசையோ குரலையும் நரம்புக் கருவிகளையும் சார்ந்தது. ஓர் எழுத்தைப் பல சுரங்களில் நீட்டி அலையவிட்டுப் பாடும் முறை அதற்குரியது. எனவே தடைக்குப் பின்னும் அது பிழைத்தது என்பர் கெர்ஹார்ட் குபிக் போன்ற இசை ஆய்வாளர்கள். வயல்களிலும் கரைகட்டும் பணியிடங்களிலும் அடிமைகளின் வழிவந்தோர் எழுப்பிய நெடுங்கூவல்களையும் பாங்கொலியையும் அடுத்தடுத்துக் கேட்கச் செய்து, இரண்டுக்குமுள்ள ஒற்றுமையை வரலாற்றாசிரியர் சில்வியான் டியூஃப் எடுத்துக்காட்டியுள்ளார். அந்தக் கூவல்களிலிருந்து புளூஸ் பிறந்தது. புளூஸ் ஜாஸின் தாய்களுள் ஒன்று.

ஜாஸ் இஸ்லாமிய இசை என்று நாம் சொல்லவரவில்லை. நியூ ஆர்லியன்ஸ் நகரில் 19ஆம் நூற்றாண்டின் இறுதியிலும் 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்திலும் அது உருப்பெற்றபோது தேவாலயப் பாட்டும், படைப்பிரிவுகளின் ஊதுகொம்பும், ஐரோப்பிய நடன இசையும், கரீபிய தாளங்களும் அதில் வந்து கலந்தன. பல ஓடைகள் கூடிய ஆற்றில் ஓர் ஓடை நம் சகோதரர்களின் கண்ணீர் என்பதே நாம் சொல்வது.

அதன் இயல்பு நம் பகுதி மக்களுக்கு முற்றிலும் அந்நியமானதன்று. ஒருவர் ஓர் அடியை எடுத்துக் கொடுக்க, மற்றவர் அதனை ஏற்று விடையிறுப்பது அதன் முதல் இலக்கணம். தாயிராவைத் தட்டிப் பாடும் பக்கீர்ஷாக்களிடம் நாம் கேட்பது இதுவே. தென்காசியில் பிறந்து தக்கலையில் அடங்கியிருக்கும் ஞானமேதை பீர்முஹம்மது அப்பா (ரஹ்) அவர்களின் ஞானப்புகழ்ச்சியை ஆண்டுதோறும் இரவு முழுதும் கூட்டாகப் பாடும் அவையும், ஒரு குரல் பல குரலாகும் இத்தன்மையை உணர்த்தும். சுரங்களுக்கு இடையே நின்று குழைதல் இரண்டாவது இலக்கணம். நம் கமகத்தை அறிந்தவர்க்கு அது எளிதில் விளங்கும். எழுதிவைத்ததை அப்படியே வாசிக்காமல், ஒரு மெட்டை எடுத்துக்கொண்டு அந்தக் கணத்திலேயே புதியதாய் விரித்துச் செல்லுதல் மூன்றாவது. கருநாடக இசையார் இதனை மனோதர்மம் என்பர். 1975இல் ஜான் மெக்லாக்லின், எல். சங்கர், விக்கு விநாயக்ராம், ஜாகிர் உசேன் ஆகியோர் சேர்ந்து அமைத்த ‘சக்தி’ குழு, இவ்விரு மரபுகளும் ஒரே மேடையில் இயல்பாக உரையாட முடியும் என்பதை மெய்ப்பித்தது.

முதல் தத்லீஸ்

ஜாஸ் என்ற பெயருடன் முதல் இசைத்தட்டு 1917இல் வெளிவந்தது. அதனை வாசித்த ஐவரும் வெள்ளையர். இவ்விசையை உருவாக்கிய கறுப்பின மக்களுக்கு அந்த முதன்மை கிட்டவில்லை. பத்தாண்டுகள் கழித்து 1927 அக்டோபர் 6ஆம் நாள், வார்னர் நிறுவனத்தார் நியூயார்க்கில் வெளியிட்ட படத்தோடு பேசும்பட யுகம் தொடங்கியது எனத் திரைப்பட வரலாறுகள் கூறும். அப்படத்தின் பெயர் ‘ஜாஸ் பாடகன்’. பெரும்பகுதி ஊமைப்படமாகவும், பாட்டுகளும் சில பேச்சுகளும் மட்டும் ஒலியோடும் அமைந்த அப்படத்தில் நாயகனாக நடித்த ஆல் ஜால்சன் ஒரு வெள்ளையர். முகத்தில் கரியைப் பூசிக்கொண்டு கறுப்பினத்தவர்போலத் தோன்றிப் பாடுகிறார். படத்தின் பெயரில் ஜாஸ் இருந்தது. படத்துக்குள் மெய்யான ஜாஸ் அரிதாகவே இருந்தது. அதனைப் படைத்தவர்களோ அறவே இல்லை. உலகம் முதன்முதலாகத் திரையில் கேட்ட குரல், பிறருடைய முகத்தைக் கரியால் வரைந்துகொண்ட குரல். மூல அறிவிப்பாளரை மறைத்துத் தாமே மூலம்போல நிற்பதற்கு இதைவிடத் தெளிவான எடுத்துக்காட்டு வேண்டுமோ?

பின்வந்த ஆண்டுகளில் கறுப்பினக் கலைஞர்கள் திரையில் தோன்றத்தான் செய்தனர். ஆனால் லேனா ஹோர்ன் போன்ற பாடகியர் தோன்றிய காட்சிகள் கதையோடு ஒட்டாமல் தனியே நிற்குமாறு அமைக்கப்பட்டன. அமெரிக்கத் தென்மாநிலத் திரையரங்குகளில் அவற்றை வெட்டியெறிந்துவிட்டுப் படத்தைக் காட்டுவதற்காகவே இந்த ஏற்பாடு. 1942இல் வெளிவந்த ‘காசாபிளாங்கா’ புகழ்பெற்ற படம். அத்தாருல் பைளா என்று அரபிகள் அழைக்கும் அந்த மொராக்கோ நகரில் நடப்பதாகக் கதை. அந்நகரின் முஸ்லிம்கள் அங்கே கதையின் ஓரத்து நிழல்களாக மட்டுமே வந்துபோகின்றனர். பியானோ வாசிக்கும் சாம் என்னும் கறுப்பினப் பாத்திரமே படத்தின் இசைக்கு உயிர். அப்பாத்திரத்தில் நடித்த டூலி வில்சன் உண்மையில் டிரம் வாசிப்பவர். பியானோ வாசிக்கத் தெரியாதவர். திரையில் அவர் விரல்களை அசைக்க, வாசித்தவர் வேறொருவர். திரைப்படம் என்னும் கலையே இவ்வாறு முகத்தையும் ஓசையையும் பிரித்து ஒட்டும் தொழில்நுட்பத்தின்மீது எழுந்தது. எனவே பெயர் மறைவதற்கு வாய்ப்பு அதில் இயல்பிலேயே மிகுதி.

1950களில் ஜாஸ் திரையில் வேறோர் உருவம் கொண்டது. 1951இல் வெளிவந்த ‘ஆசை என்னும் டிராம் வண்டி’ என்ற படத்துக்கு அலெக்ஸ் நார்த் அமைத்த பின்னணி இசையில் ஜாஸின் தொனி புகுந்தது. 1955இல் வெளிவந்த ‘பொற்கரத்தான்’ என்ற படமோ போதைக்கு அடிமையான ஒரு டிரம் கலைஞனின் கதை. அதுமுதல் இருண்ட தெரு, மதுக்கூடம், கொலை, போதைமருந்து என்றால் சாக்சபோன் ஒலிக்கவேண்டும் என்பது எழுதாத விதியாயிற்று. நோன்பும் தொழுகையும் அறிந்த மூதாதையரின் துயரக் குரல் கலந்த ஓர் இசை, திரையரங்கில் பாவத்தின் முன்னறிவிப்பாக மாறியது. இந்த வழக்கம் கடல் கடந்து நம் நாட்டுக்கும் வந்தது.

பாரிஸ் நகரத்து இரவு

இருவருக்கும் பெருமை சேர்க்கும் வகையில் ஜாஸும் திரைப்படமும் சந்தித்த நிகழ்வுகளும் உண்டு. அவற்றுள் தலையாயது 1957 டிசம்பர் 4, 5ஆம் நாள்களின் இடைப்பட்ட இரவில் பாரிசில் நிகழ்ந்தது. லூயி மால் என்ற இளம் இயக்குநரின் ‘தூக்குமேடைக்கு ஏறும் மின்தூக்கி’ என்ற படத்துக்கு டிரம்பெட் மேதை மைல்ஸ் டேவிஸ் இசை வழங்கினார்.

திரைப்பட இசை வழக்கமாக நொடிக்கணக்கில் அளந்து எழுதப்படுவது. ஜாஸோ அந்தக் கணத்தில் பிறப்பது. அளந்ததற்கும் அளக்கவியலாததற்கும் உள்ள இந்த முரணை அன்றிரவு புதிய முறையில் தீர்த்தனர். படத்தின் காட்சித் துண்டுகளைத் திரையில் மீண்டும் மீண்டும் ஓட்டினர். கலைஞர்கள் அவற்றைப் பார்த்தவாறே, முன்கூட்டி எழுதிய இசைத்தாள் இன்றி, சில சுரக்கட்டுகளை மட்டும் வழிகாட்டியாகக் கொண்டு வாசித்தனர். காதலனைத் தேடி நள்ளிரவுத் தெருக்களில் அலையும் பெண்ணின் நடைக்கு அந்த டிரம்பெட் ஒலி வெறும் அலங்காரமாக நிற்கவில்லை. அவள் பேசாத சொற்களை அது பேசியது. ஓசைக்கிடையே விடப்பட்ட மௌனமும் சேர்ந்தே பேசியது.

அன்று டிரம்சில் அமர்ந்திருந்தவர் கென்னி கிளார்க். அவர் 1946இல் இஸ்லாத்தைத் தழுவி லியாகத் அலி ஸலாம் எனப் பெயர் பூண்டவர். படத்தைப் போற்றுவோருள் இதனை அறிந்தோர் மிகச் சிலரே.

பெயரை மீட்டவர்கள்

பிட்ஸ்பர்க் என்னும் எஃகு நகரில் பிறந்தவர் கென்னி கிளார்க். அதே நகரத்தவரான டிரம் கலைஞர் ஆர்ட் பிளேக்கி, அப்துல்லாஹ் இப்னு புஹைனா எனப் பெயர் ஏற்றார். அவருடைய குழுவினர் 1959இல் பிரெஞ்சுத் திரைப்படத்துக்கு இசை வழங்கினர். அந்நகரத்தவரே பியானோ மேதை அஹ்மத் ஜமால். 2023இல் மறைந்த அவருடைய இசைத்தட்டுகள், 1995இல் வெளிவந்த கிளின்ட் ஈஸ்ட்வுட்டின் ‘மாடிசன் கவுண்டிப் பாலங்கள்’ படத்தில் இடம்பெற்றன. இரைச்சலின்றி, இடைவெளிகளால் இசையைக் கட்டியவர் அவர்.

இக்கலைஞர்களுள் பலர் இஸ்லாத்தைப் பற்றி முதலில் கேள்வியுற்றது அங்குச் சென்ற அஹ்மதிய்யாப் பிரசாரகர்கள் வாயிலாகத்தான். அவ்வியக்கத்தைப் பற்றிய உலமாக்களின் நிலைப்பாடு நாம் அறிந்ததே. ஆயினும் வரலாற்றில் உள்ளதை உள்ளபடி சொல்வதே இஸ்னாதின் நெறி. நிறவெறிச் சட்டங்களிலிருந்து தப்புவதற்காகவே சிலர் அரபுப் பெயர் சூடிக்கொண்டனர் என்ற குற்றச்சாட்டும் அந்நாளில் எழுந்தது. சிலர் அளவில் அஃது உண்மையாகவும் இருக்கலாம். ஆனால் ஆயுள் முழுதும் அப்பெயரோடும் அந்நெறியோடும் வாழ்ந்து மறைந்தவர்களை அக்குற்றச்சாட்டு தீண்டாது. அடிமைக்குத் தன் பெயர் இருந்ததில்லை. உடையவனின் பெயரே அவன் பெயர். பெயரை மாற்றியது அவர்களுக்கு அறுந்த வரிசையைத் தேடிச் சென்ற பயணம்.

இவர்களுள் யூசுஃப் லத்தீஃப் நம் சிறப்புக் கவனத்துக்குரியவர். ஜாஸ் என்ற சொல்லையே அவர் ஏற்கவில்லை. அஃது இழிவான பொருள்களைச் சுமந்தது என்று கருதித் தம் இசைக்கு வேறொரு பெயர் அமைத்துக்கொண்டார். பிற்காலத்தில் மது விற்கப்படும் இடங்களில் வாசிப்பதையும் கைவிட்டார். 1961இல் அவர் பதிவு செய்த ‘கீழைத்தேய ஓசைகள்’ என்ற இசைத்தட்டில் ‘ஸ்பார்ட்டகஸ்’ படத்தின் காதல் மெட்டை ஓபோ என்னும் குழலில் வாசித்தார். நம் நாகசுரத்தின் சீவாளியைப் போல இரட்டை நாணல் பொருத்திய கருவி அது. உரோமப் பேரரசை எதிர்த்த அடிமைகளின் கதை ‘ஸ்பார்ட்டகஸ்’. அதற்கு இசையமைத்தவர், முன்னர் நாம் கண்ட அலெக்ஸ் நார்த். கறுப்பின மக்களின் இசையைத் திரைப்படத்துக்குக் கொண்டுசென்ற ஒருவரின் மெட்டை, அடிமைகளின் வழிவந்த ஒரு முஸ்லிம் திரைப்படத்திலிருந்து திரும்ப எடுத்துக்கொண்டார். கொடுக்கல் வாங்கலில் கணக்கு நேரான அரிய தருணம் இது.

தென்னாப்பிரிக்காவின் கேப் டவுனில் 1934இல் பிறந்த அப்துல்லாஹ் இப்ராஹீமும் இவ்வரிசையினரே. அந்நகர முஸ்லிம் சமுதாயம், டச்சுக்காரர்கள் கிழக்கிந்தியத் தீவுகளிலிருந்தும் வங்கம், மலபார், சோழமண்டலக் கரைகளிலிருந்தும் கொண்டுசென்ற அடிமைகளாலும் நாடு கடத்தப்பட்டோராலும் உருவானது. நம் கரையிலிருந்து சென்றவர்களும் அதில் அடக்கம் என்பது நினைவிற்கொள்ளத்தக்கது. 1968இல் இஸ்லாத்தைத் தழுவிய இப்பியானோ கலைஞர், 1988இல் கிளேர் டெனியின் ‘ஷொகோலா’ படத்துக்கும், 1990இல் பர்கினா ஃபாசோவின் இத்ரீஸா வெத்ராகோ இயக்கிய ‘திலாய்’ படத்துக்கும் இசையமைத்தார். ஓர் ஆப்பிரிக்க இயக்குநரின் படத்துக்கு ஓர் ஆப்பிரிக்கர் ஜாஸில் இசையமைத்தபோது, அவ்விசை தன் மூதாதையர் மண்ணுக்கே திரும்பிவந்தது எனலாம்.

பம்பாயின் பெயரிலிகள்

இந்தியாவுக்கு ஜாஸ் வந்தது பெருநகர விடுதிகள் வழியாக. 1935இல் லியோன் ஆபே தம் கறுப்பினக் குழுவைப் பம்பாய் தாஜ்மகால் விடுதிக்கு அழைத்துவந்தார். பின்னர் டெடி வெதர்ஃபோர்ட் என்ற பியானோ கலைஞர் இந்நாட்டிலேயே தங்கி வாசித்து, 1945இல் கல்கத்தாவில் காலராவுக்கு இரையானார். இவர்களிடம் பாடம் கேட்டவர்கள் கோவா நாட்டுக் கிறித்தவக் கலைஞர்கள். போர்த்துக்கீசியர் காலத்துப் பங்குப் பள்ளிகளில் மேலை இசைக்குறியீட்டைப் படிக்கவும் எழுதவும் பயின்றவர்கள் அவர்கள். விடுதிகளின் செழிப்புக் குன்றியபோது அவர்களுள் பலருக்குத் திரைப்பட ஒலிப்பதிவுக் கூடங்களே வாழ்வளித்தன.

அங்கு வேலை நடந்த முறையை அறிந்தால்தான் பெயர்கள் எவ்வாறு மறைந்தன என்பது விளங்கும். இசையமைப்பாளர் ஆர்மோனியத்தில் மெட்டைப் பாடிக் காட்டுவார். அதனைக் குறியீட்டில் எழுதி, ஐம்பது அறுபது கருவிகளுக்குப் பிரித்துக் கொடுத்து, பல்லவிக்கும் சரணத்துக்கும் இடையில் வரும் இசையை நிரப்புபவர் ‘அரேஞ்சர்’ எனப்படும் இசை ஒழுங்கமைப்பாளர். நாம் இன்றும் முணுமுணுக்கும் இடையிசைகளில் பல இவர்களின் ஆக்கமே. சங்கர் ஜெய்கிஷனுக்குப் பின்னால் செபாஸ்டியன் டிசௌசா இருந்தார். இசைத்தட்டின் நடுவட்டத்திலோ படத்தின் பெயர், பாடகர் பெயர், இசையமைப்பாளர் பெயர் ஆகியன மட்டுமே இருக்கும். கருவி வாசித்தவர்க்கு அன்றைய கூலி உண்டு, பெயர் இல்லை.

இதற்கு விதிவிலக்குகளும் உள. ‘இந்தியாவின் லூயி ஆம்ஸ்ட்ராங்’ எனப் புகழப்பட்ட டிரம்பெட் கலைஞர் சிக் சாக்லெட், சி. ராமச்சந்திராவோடு பணியாற்றி, 1951இல் வெளிவந்த ‘அல்பேலா’ படத்தில் தம் குழுவினரோடு திரையிலேயே தோன்றினார். இந்த ராமச்சந்திரா ‘ஜெயக்கொடி’, ‘வனமோகினி’ என்னும் தமிழ்ப் படங்களில் இசையமைப்பாளராகத் தொடங்கியவர். 1958இல் ‘வஞ்சிக்கோட்டை வாலிபன்’ படத்துக்கு இசையமைத்தவரும் அவரே. மற்றொரு விதிவிலக்கு 1977இல் வந்தது. ‘அமர் அக்பர் ஆண்டனி’ படத்தில் ஒரு பாத்திரம் தன்னை ஆண்டனி கொன்சால்வெஸ் என்று அறிவித்துப் பாடும் பாட்டை நாடே அறியும். அப்பெயர் கற்பனையன்று. படத்துக்கு இசையமைத்த இருவருள் ஒருவரான பியாரேலாலுக்கு வயலின் கற்பித்த கோவா ஆசிரியரின் பெயர் அது. மாணவர் தம் ஆசானின் பெயரைக் கோடிக்கணக்கான வாய்களில் ஒலிக்கச் செய்தார். நகைச்சுவைப் பாட்டுக்குள் ஓர் இஸ்னாத் ஒளிந்திருந்தது.

கடையநல்லூரும் சுந்தரபாண்டியபுரமும்

தமிழ்த் திரைப்படத்திலும் ஜாஸின் சாயல் 1950கள் முதல் காணப்படுகிறது. 1964இல் வெளிவந்த ‘கலைக்கோவில்’ வீணைக் கலைஞன் ஒருவனின் கதை. அதில் விசுவநாதன் ராமமூர்த்தி இசையில் எல்.ஆர். ஈஸ்வரி பாடிய ‘வரவேண்டும் ஒரு பொழுது’ தமிழில் ஜாஸ் பாணிக்குச் சிறந்த சான்றாகப் பலராலும் சுட்டப்படுகிறது. வீணைக்கு எதிரே இந்த இசை வைக்கப்பட்ட முறையைக் கவனித்தால் ஆலிவுட்டின் எழுதாத விதி இங்கும் ஆட்சி செய்வது புலனாகும். நாயகிக்கு இராகம், விடுதியில் ஆடுபவளுக்குச் சாக்சபோன். இல்லத்துக்கு வீணை, கள்ளக்கடத்தல்காரனின் கூடாரத்துக்கு டிரம்பெட். ஓர் இசை முழுவதையும் ஒழுக்கக்கேட்டின் அடையாளமாக்கிய இந்த ஏற்பாட்டை நாமும் ஐயமின்றி ஏற்றுக்கொண்டோம். ஜாஸ் என்றாலே கேளிக்கை இரைச்சல் என்று நம்மிடையே கற்றோரும் சொல்வது, திரைப்படம் கற்பித்ததை நாம் திருப்பிச் சொல்வதேயன்றி வேறில்லை.

எம்.எஸ். விசுவநாதனின் ஆசான் எஸ்.எம். சுப்பையா நாயுடு. அவர் பிறந்த ஊர், இன்று தென்காசி மாவட்டத்தைச் சேர்ந்த கடையநல்லூர். கோவையில் ஜூபிடர் நிறுவனத்தில் சுப்பையா நாயுடு இசையமைப்பாளராக இருந்தபோது விசுவநாதன் அவரிடம் எளிய உதவியாளர். அந்நாளில் தாம் போட்ட மெட்டுகள் ஆசானின் பெயரிலேயே வெளிவந்ததையும், நிறுவனம் சென்னைக்கு இடம்பெயர்ந்து பணியாளர்கள் விடுவிக்கப்பட்ட வேளையில் ஆசானே முன்வந்து, இவை இப்பையனின் மெட்டுகள் என உரிமையாளரிடம் வெளிப்படுத்தித் தமக்கு வாழ்வளித்ததையும் விசுவநாதன் நன்றியோடு நினைவுகூர்ந்ததுண்டு. அந்த ஒரு வாய்மொழி இல்லையேல் தமிழ்த் திரையிசையின் போக்கே மாறியிருக்கக்கூடும். மறைத்திருந்தால் யாரும் அறியப்போவதில்லை என்ற நிலையில் சொல்லப்பட்ட உண்மைக்கே மதிப்பு மிகுதி.

கடையநல்லூரிலிருந்து சுந்தரபாண்டியபுரம் தொலைவில் இல்லை. 1992இல் வெளிவந்த ‘ரோஜா’ படத்தின் கதைநாயகிக்கு அதுவே சொந்த ஊர். அப்படத்தின் வாயிலாக அறிமுகமானவர் அல்லாஹ் ரக்கா ரஹ்மான். 1997இல் ‘இருவர்’ படத்தில் 1950களையும் அதனையடுத்த காலத்தையும் சித்திரிப்பதற்கு அவர் ஜாஸைப் பயன்படுத்தினார். ஹரிணி பாடிய ‘ஹலோ மிஸ்டர் எதிர்க்கட்சி’ பாட்டில் அவ்விசை தீமையின் குறியீடாக வரவில்லை. ஒரு காலத்தின் மணமாக வந்தது. ஆயினும் நம் நோக்கில் அவருடைய பெரிய பங்களிப்பு வேறொன்று. ஒலிநாடா, குறுந்தகடு ஆகியவற்றின் உறைகளில் குழல் வாசித்தவர் யார், கித்தார் வாசித்தவர் யார், கூட்டுக்குரல் கொடுத்தோர் யாவர், ஒலிப்பதிவு செய்தவர் யார் எனப் பெயர்களை வரிசையாக அச்சிடும் வழக்கத்தைத் தமிழ்த் திரையிசையில் பரவச் செய்தவர் அவர். அந்தச் சிறு காகிதத்தை விரித்துப் படித்த தலைமுறை ஒன்று, பாட்டு என்பது ஒருவரின் உழைப்பன்று என்பதை முதன்முதலாகக் கண்டுகொண்டது.

செய்யத்தக்கது

உழைத்தவர்க்கு உரியதை அளிப்பது நம் மண்ணுக்குப் புதிதன்று. குற்றாலத்துக்கு அருகிலுள்ள மேலகரத்துத் திரிகூடராசப்பக் கவிராயர், குறிசொல்லும் மலைக்குறத்தியின் பேச்சையும் சிந்தையும் அரங்கேற்றிக் குற்றாலக் குறவஞ்சி பாடியபோது, மதுரை நாயக்க மன்னர் அவருக்கு நிலம் வழங்கினார். குறவஞ்சிமேடு என்ற பெயரே அக்கொடைக்குச் சாட்சி. படைப்பின் பெயராலேயே நிலம் வழங்கப்பட்டமையால் படைத்தவரை மறக்கும் வழியும் அடைக்கப்பட்டது. குற்றாலத்தில் வாழ்ந்த இரசிகமணி டி.கே.சி. அவர்களும், புலவர் பெருமக்களின் பாடலைப் போலவே பாமரர் பாட்டையும் செவிமடுத்துச் சுவைக்கவேண்டும் என்று கற்பித்தார்கள்.

இன்று நிலைமை திரும்பவும் மாறியுள்ளது. ஒலிநாடாவும் குறுந்தகடும் மறைந்தன. அவற்றோடு அந்த உறைக் காகிதமும் மறைந்தது. கைபேசித் திரையில் தெரிவது பெரும்பாலும் பாட்டின் பெயரும் நடிகரின் படமுமே. 2012ஆம் ஆண்டு பதிப்புரிமைத் திருத்தச் சட்டம் இசையமைப்பாளர், பாடலாசிரியர் ஆகியோரின் உரிமைப்பங்கைப் பாதுகாக்க முனைந்தது. ஒலிப்பதிவுக் கூடத்தில் அன்றாடக் கூலிக்கு வாசித்தவரின் பெயரை நினைவில் வைத்திருக்க எந்தச் சட்டத்தாலும் இயலாது. அது கேட்பவரின் பொறுப்பு.

கூலியை வியர்வை உலருமுன் தரவேண்டும் என்ற கருத்துடைய நபிமொழி நம் மக்தப் பிள்ளைகளுக்கும் தெரியும். அளவையிலும் நிறுவையிலும் மோசம் செய்வோரைப் பற்றிய திருமறையின் எச்சரிக்கையும் நாம் அறிந்ததே. மக்களுக்கு உரிய பொருளைக் குறைப்பது நெல்லிலும் துணியிலும் மட்டுமா நிகழ்கிறது? புகழும் ஒரு பொருளே. பெயரும் ஓர் உடைமையே. நம் வகுப்புகளில் ஓர் அறிவிப்பாளரின் பிறப்பு, இறப்பு, பயணம், நம்பகம் ஆகியவற்றை நாள்கணக்கில் ஆராய்கிறோம். அப்பயிற்சி ஏட்டோடு நின்றுவிடலாகாது. நம் ஊர்த் திருமணங்களில் பைத்துப் பாடுவோர், கந்தூரிகளில் தாயிரா தட்டுவோர், நாகூர் இ.எம். ஹனீபா அவர்களின் புகழ்பெற்ற பாடல்களுக்குப் பின்னிருந்து கருவி வாசித்தோர் ஆகியோருள் எத்தனை பேரின் பெயர் நமக்குத் தெரியும்? மூத்தோர் உயிரோடிருக்கும்போதே கேட்டு எழுதிவைத்தால் ஒரு குறிப்பேடு போதும். அவர்கள் மறைந்தபின் ஒரு நூலகமும் போதாது.

அடிமைக் கொட்டடியில் இருந்துகொண்டு தம் பெயரையும் தம் தந்தையின் பெயரையும் அரபியில் எழுதிவைத்த உமர் இப்னு ஸயீத், அறிவிப்பாளர் வரிசையின் முதற் கண்ணியை நமக்காகக் காத்துத் தந்துள்ளார். எஞ்சிய கண்ணிகளைச் சேர்ப்பது நம் கடமை.